ஜெயக்கொடி மேடை ஏறின நாள்

சிரிப்புக் கதையா எடுக்கப் போறோம்னு நீங்க போன்ல சொன்னப்பவே எனக்கு ஒரு மாதிரி ஆயிருச்சுங்க அம்மணி. வேண்டாம்னு சொல்லிரலாம்னுதான் இருந்தேன். எங்கூட்டுக்காரர்தான், "சென்னையில இருந்து பஸ் ஏறி வர்ற புள்ள, ஒரு வாய் காப்பி குடுத்துப் பேசி அனுப்பு"ன்னாரு. அதுக்காகத்தான் ஒத்துக்கிட்டேன். இப்படி வந்து உக்காருங்க, அங்க முழுக்க வெட்டுத்துணி கெடக்குது. போனை அந்த மிஷின் மேலயே வெச்சுக்குங்க. பதியுதா? சரி.

மொதல்ல ஒன்னு சொல்லிர்றேன். வசந்தாமணிங்கற என் பேரு உங்க சீரிஸ்ல வரக்கூடாது. கோபிங்கற ஊர்ப் பேரும் வேண்டாம். வேற எந்த ஊருன்னு வேணா வெச்சுக்குங்க. அப்பறம் இன்னொன்னு. நான் ஒருத்தரையும் ஏமாத்துனதில்லீங்க. இதை முக்கியமா எழுதிக்குங்க. ஏமாந்தவதான் நான்.

எல்லாம் ஒரு ஆடி மாசத்துல ஆரம்பிச்சதுங்க. ஆறு வருசம் ஆச்சு. ஆடியில கல்யாணம் கிடையாது, அதனால எனக்கு ஜாக்கெட் தையலும் கிடையாது. சும்மா உக்காந்திருந்த நேரம். பஸ் ஸ்டாண்டுப் பக்கம் ஒரு மண்டபத்துல இலவசமா சர்க்கரை டெஸ்ட் எடுக்கறாங்கன்னு நோட்டீஸ் குடுத்தாங்க. எனக்கு சர்க்கரை இல்ல. ஜெயக்கொடிக்குத்தான் இருந்துச்சு. வா போயிட்டு வரலாம்னு அவளைக் கூட்டிக்கிட்டுப் போனேன்.

ஜெயக்கொடி யாருன்னு கேக்கறீங்களா? இங்கிருந்து ரெண்டாவது ஊடு. சத்துணவுக் கூடத்துல சமைக்கறவ. புருசன் போய்ச் சேந்து ரொம்ப நாளாச்சு. சுகன்யான்னு ஒரே பொண்ணு, ஸ்கூல்ல டீச்சரா இருக்குது. பதினெட்டு வருசமா எங்களுக்குள்ள ஒரு சுடுசொல் வந்ததில்லீங்க. அவ ஊட்டுல குழம்பு வெச்சா எனக்கு ஒரு கிண்ணம் வந்துரும். அவ ரவிக்கைக்கு நான் கூலி வாங்குனதில்ல.

மண்டபத்துல விரல்ல குத்தி ரத்தம் எடுத்தாங்க. எடுத்துட்டு உள்ள உக்காரச் சொன்னாங்க. அங்கதான் தர்மசீலன் சார் வந்தாரு. கோயமுத்தூர்க்காரரு. வெள்ளைச் சட்டை, கழுத்துல டை, கையில மைக். 'வேரமுது'ன்னு ஒரு மூலிகைச் சாறு, நாப்பது வேர் போட்டு எடுத்ததுன்னாரு. பாட்டில் நல்லா இருந்துச்சுங்க, தப்பு சொல்லக்கூடாது. தங்கக் கலர் மூடி. காலையில ரெண்டு மூடி, சாயங்காலம் ரெண்டு மூடி. குடிச்சா சர்க்கரையில இருந்து மூட்டுவலி வரைக்கும் போயிருமாம். நாம குடிச்சா மட்டும் போதாது, நமக்குக் கீழ ஆறு பேரைச் சேக்கணும். ஆறு பேர் சேந்தா நீங்க முத்து. அந்த ஆறு பேரும் ஆளுக்கு ஆறு பேர் சேத்தா நீங்க பவளம். அதுக்கும் மேல மரகதம். உச்சியில வைரம்.

உங்களுக்கு இதைக் கேட்டா சிரிப்பு வருது. எனக்கு அன்னிக்கு வரல. ஏன்னு சொல்றேன். கூட்டம் முடிஞ்சு எல்லாரும் எந்திரிச்சப்ப சார் என்கிட்ட வந்தாரு. "மேடம், நீங்க பேசினா நாலு பேர் கேப்பாங்க. உங்க முகத்துல அது இருக்கு"ன்னாரு. எனக்கு அப்ப நாப்பத்தி ஒம்பது வயசு. அதுவரைக்கும் என்னைய மேடம்னு யாருங்க கூப்பிட்டிருக்கா? 'ஏனக்கா, கை லூசா வெச்சுட்டீங்களே', 'முதுகு ஏறிக்கிச்சே, பிரிச்சுத் தைங்க', இதுதான் எனக்கு வர்ற பேச்சு. எங்கூட்டுக்காரர் ஒரு நாளும் என் பேரைச் சொல்லிக் கூப்பிட்டதில்ல. ஏய், இங்க பாரு, அவ்வளவுதான்.

அன்னிக்கே சேந்துட்டேன். எனக்குக் கீழ மொத ஆளா ஜெயக்கொடி சேந்தா. நான் வற்புறுத்தல. "நீங்க சேந்தா நானும் சேர்றேனுங்க்கா"ன்னா.

அப்பறம் பயிற்சி. ஞாயித்துக்கிழமை ஞாயித்துக்கிழமை. தெரிஞ்சவங்க பேரை நூறு எழுதுங்கன்னாங்க. நான் முப்பதுக்கு மேல எழுத முடியாம முழிச்சுக்கிட்டு இருந்தேன். சார் சிரிச்சுக்கிட்டே, "வீட்டுல மொய் நோட்டு இருக்கா மேடம்?"னு கேட்டாரு. இருக்குதுங்க, எங்க பொண்ணு கல்யாணத்து மொய் நோட்டு. "அதுல இருக்கற அத்தனை பேரும் உங்களை மதிக்கறவங்கதானே? அங்கிருந்து ஆரம்பிங்க"ன்னாரு. நானூத்திப் பதினோரு பேரு. அந்த நோட்டைத் தூக்கி வெச்சுக்கிட்டு வரிசையா போன் பண்ணுனேன் பாருங்க. போனை எடுத்ததும் எல்லாருக்கும் சந்தோசம், இவ்வளவு நாள் கழிச்சு வசந்தாமணி கூப்பிடறாளேன்னு. ரெண்டாவது நிமிசம் சத்தம் இறங்கிரும்.

தெனமும் காலையில கண்ணாடி முன்னால நின்னு 'நான் வைரம்'னு இருபத்தொரு தடவ சொல்லணும். சொல்லி முடிச்சுக் கைதட்டணும். நான் சொல்லிக்கிட்டு இருப்பேன், எங்கூட்டுக்காரர் வாயில பிரஷ்ஷோட பின்னால போவாரு, கண்ணாடியில தெரிவாரு. இதை வேணா சிரிப்புக்கு எடுத்துக்குங்க. எனக்கு ஆட்சேபனை இல்ல.

ஆனா நான் கௌரவமாத்தான் செஞ்சேன். மத்தவங்க எழவு ஊட்டுலகூட பாட்டிலை எடுத்து நீட்டுவாங்க. நான் அப்படி இல்லீங்க. கருமாதி முடியற வரைக்கும் வாயே தொறக்கமாட்டேன். அதுக்கு அப்பறந்தான் போய்ப் பேசுவேன்.

ரெண்டு வருசத்துல மரகதம் ஆயிட்டேன். பச்சைக் கல்லு வெச்ச பின்னு ஒன்னு குடுத்தாங்க, சேலையில குத்திக்க. கோபி வட்டாரத்துல எனக்கு முன்னால யாரும் மரகதம் ஆனதில்ல. மளிகைக்கடை, ரேஷன் கடை எங்க போனாலும் குத்திக்கிட்டுத்தான் போவேன். ஜெயக்கொடியும் பன்னெண்டு பேரைச் சேத்துட்டா. சத்துணவுல கூட வேலை செய்யற பொம்பளைங்க, அவ தங்கச்சி, தங்கச்சி மாமியாரு. அவளுக்கு வெக்கம் அதிகம், பேச வராது. பாட்டிலை எடுத்து வெச்சுட்டு, "அக்கா சொல்லுவாங்க"ன்னு என்னையக் கையைக் காட்டுவா.

இனி மாத்திரை விசயத்துக்கு வர்றேன். இதைப் பத்தி ஊருல என்னென்னமோ பேசறாங்க. உங்ககிட்டயும் சொல்லியிருப்பாங்க. மாத்திரையை நிறுத்துன்னு நான் அவகிட்டச் சொன்னதே இல்லீங்க. ரெண்டையும் ஒட்டுக்கா சாப்பிட்டா சாறு வேலை செய்யாதுன்னுதான் சொன்னேன். அதுகூட என் வார்த்தை இல்ல, சார் மைக்குல சொன்னது. அவளா யோசிச்சு கவர்மெண்ட் ஆஸ்பத்திரி மாத்திரையை விட்டுட்டா. விட்டதும் நல்லாத்தான் இருந்தா. மொகம் தெளிஞ்சிருச்சுங்க்கான்னா. உடம்பு எளச்சுது. எளச்சது நல்லதுன்னு நெனச்சோம். சர்க்கரை ஏறினாலும் எளைக்கும்னு எனக்கு எப்படிங்க தெரியும்? நான் என்ன டாக்டரா?

அப்பத்தான் சார் போன் பண்ணுனாரு. கோயமுத்தூர்ல பெரிய மாநாடு, மூவாயிரம் பேரு. "மேடம், உங்களுக்கு வைரம் குடுக்கறதுன்னு முடிவு பண்ணிட்டோம். உங்க குழுவில இருந்து குணமான ஒருத்தர் மேடையில பேசணும். அது இருந்தாத்தான் குடுக்க முடியும்"னாரு. எனக்குக் கீழ அத்தனை பேர்ல மாத்திரையே போடாம மாசக்கணக்கா இருக்கறவ ஜெயக்கொடி ஒருத்திதான். அவளைக் கேட்டேன். "எனக்குப் பேச வராதேக்கா"ன்னா. நான் எழுதித் தர்றேன், மனப்பாடம் பண்ணிக்கன்னேன். ஒரு தாள்ல எழுதிக் குடுத்தேன். பத்து வரி. சத்துணவுக் கூடத்துல அடுப்பு முன்னால நின்னு சொல்லிப் பாப்பாளாம், கொழந்தைங்க கைதட்டுமாம்.

மாநாட்டுக்கு ஒம்பது நாள் இருக்கறப்ப, சோறு வடிக்கற குண்டான் விளிம்பு பட்டு அவ வலது கால் பெருவிரல்ல காயம் ஆயிப்போச்சு. சின்னக் காயந்தான். வந்து காட்டுனா. மூணு நாள்ல அது கறுத்துப் போச்சு, பக்கத்துல ரெண்டு விரலும் வீங்கிக்கிச்சு. எனக்குக் கொஞ்சம் பயமாத்தான் இருந்துச்சு. சாருக்குப் போட்டோ எடுத்து அனுப்புனேன். "ரொம்ப நல்ல அறிகுறி மேடம். உள்ள இருக்கற கழிவு வெளிய வருது. ரெண்டு மூடி அதிகமா குடிக்கச் சொல்லுங்க"ன்னு பதில் வந்துச்சு. நான் அதையேதான் அவகிட்டச் சொன்னேன். குடிச்சா.

ஆஸ்பத்திரிக்குப் போறதைப் பத்திக் கேக்கறீங்களா? கூட்டம் முடிஞ்சு போலாங்க்கான்னு அவளேதான் சொன்னா.

இல்ல, இருங்க. நான்தான் கேட்டேன். "இன்னும் ஆறு நாள்தான் கண்ணு, தாங்குவியா?"ன்னு கேட்டேன். தாங்குவேன்னா. அப்ப அவ சொன்னதாத்தானுங்களே அர்த்தம்?

அன்னிக்கு கம்பெனி பஸ்லதான் போனோம். அவ காலுக்கு ஒரு சாக்ஸ் போட்டு, எங்கூட்டுக்காரர் செருப்பைப் போட்டுக் கூட்டிக்கிட்டுப் போனேன், அவ செருப்புல நுழையலீங்க. வாடை வரக்கூடாதுன்னு பவுடர் நெறையப் போட்டு விட்டேன். பஸ்ல எல்லாரும் பாட்டு, கைதட்டு. இவ மட்டும் ஜன்னல்ல தலையைச் சாச்சுக்கிட்டு அந்தத் தாளைப் படிச்சுக்கிட்டே வந்தா. நெத்தியைத் தொட்டுப் பாத்தேன், கொதிச்சுது. "என்ன கண்ணு"ன்னேன். "மறந்து போயிருமோன்னு பயமா இருக்குதுங்க்கா"ன்னா.

மேடைக்கு ஒம்பது படி. நான் எண்ணுனேன், அதனால சொல்றேன். நான் கையைப் புடிச்சு ஏத்தி விட்டேன். மைக் முன்னால நின்னு பத்து வரியும் ஒரு வார்த்தை தப்பாம சொன்னா. "நான் ஏழு மாசமா ஒரு மாத்திரைகூட போடல. எனக்கு நோய் இல்ல. என் அக்கா வசந்தாமணி மேடம்தான் எனக்கு உசுரு குடுத்தவங்க." கடைசி வரியை நான் எழுதலீங்க. சத்தியமா நான் எழுதல. அவளாச் சேத்துக்கிட்டா. மூவாயிரம் பேரு எந்திரிச்சு நின்னு தட்டுனாங்க. எனக்கு அழுகை வந்துருச்சு. அவளைக் கட்டிப்புடிச்சேன். அந்தப் போட்டோ என்கிட்ட இருக்குது, வேணும்னா காட்டறேன். அதுல அவ மொகத்தைப் பாத்தா நல்லாச் சிரிச்ச மாதிரிதான் இருக்கும்.

படி எறங்கறப்ப நாலாவது படியில உக்காந்துட்டா. அப்பறம் எந்திரிக்கல.

கோயமுத்தூர்லயே ஆஸ்பத்திரியில சேத்தோம். சுகன்யா ஓடி வந்துச்சு. டாக்டர் அந்தச் சாக்ஸைக் கழட்டுனாரு. அப்பறம், "இத்தனை நாள் இதைப் பாத்துக்கிட்டு யாருங்க கூட இருந்தது?"ன்னு கேட்டாரு. நான் அங்கதான் நின்னேன். சுகன்யா என்னையப் பாத்துச்சு. நான் அவ பக்கத்து ஊடுன்னேன். ரெண்டு நாள் கழிச்சு முழங்காலுக்குக் கீழ எடுத்துட்டாங்க. பாக்கப் போனேன். ஆரஞ்சுப் பழம் வாங்கிக்கிட்டுப் போனேன். வாசல்லயே சுகன்யா நின்னுக்கிட்டு, "பெரியம்மா, நீங்க உள்ள வர வேண்டாம்"னுச்சு. கோவமாச் சொல்லல. பாடம் நடத்தற மாதிரி சொல்லுச்சு.

வைரம் வந்துச்சான்னு கேக்கறீங்களே, நல்லாருக்குது. குடுத்தாங்க, வெள்ளைக் கல்லு. நாலே மாசத்துல எல்லாரும் கட்டுன பணத்தோட கம்பெனியைப் பூட்டிட்டாங்க. தர்மசீலன் சார் நம்பர் உபயோகத்துல இல்லேன்னு வந்துச்சு. ஊருல என்னையப் பாத்தா எல்லாரும் பாதை மாறிப் போனாங்க. மொய் நோட்டுல இருந்தவங்க ஒருத்தர் விடாம. இதுல எனக்குப் போனதும் கொஞ்சம் இல்லீங்க. கழுத்துல இருந்தது, கையில இருந்தது எல்லாம் போச்சு. அதை ஒருத்தரும் கேக்கமாட்டேங்கறாங்க.

அப்பறம் போலீஸ்ல மனு வாங்கறோம்னு சொன்னாங்க. ஒரு கல்யாண மண்டபத்துல மேஜை போட்டு உக்காந்தாங்க. ஏமாந்தவங்க எல்லாரும் வரிசையா வந்து எழுதிக் குடுக்கணும். அந்தத் தாள்ல ஒரு கட்டம்: 'உங்களைச் சேர்த்துவிட்டவர் யார்?' அதைப் பாத்ததும் வரிசையை விட்டு ஓரமாப் போயிட்டேன். எத்தனை பேரு எம்பேரை எழுதுவாங்கன்னு வரிசையில நின்னவங்க மொகத்தையெல்லாம் பாத்துக்கிட்டு நின்னேன். ஒருத்தரும் என்னையப் பாக்கல.

பதினோரு மணிக்கு ஒரு ஆட்டோ வந்து நின்னுச்சு. சுகன்யா எறங்குச்சு. அப்பறம் ஜெயக்கொடி. ரெண்டு கட்டையை ஊனிக்கிட்டு. அவளுக்கு மட்டும் வரிசை வேண்டாம்னு முன்னால விட்டாங்க. மேஜைக்குப் பக்கத்துல நாற்காலி போட்டாங்க. அந்த எஸ்.ஐ. பொண்ணு நல்ல பொண்ணு. இவ காலைப் பாத்துட்டு, "யாரும்மா உங்களைச் சேத்தது? பயப்படாம சொல்லுங்க. இந்த மண்டபத்துல இருக்காங்களா?"ன்னு கேட்டுச்சு. நான் பத்தடி தள்ளி நிக்கறேன்.

"யாரும் சேக்கல. நானாத்தான் சேந்தேன்"னா.

சுகன்யா, "அம்மா"ன்னுச்சு. இவ திரும்பிக்கூடப் பாக்கல. "நானான்னு எழுதிக்குங்க"ன்னுட்டு கையெழுத்துப் போட்டா.

எனக்கு உசுரு வந்துச்சுங்க. பாத்தீங்களா, அவளே சொல்லிட்டா, எம்மேல ஒரு தப்பும் இல்லேன்னு. எனக்கு அதுதான் தோணுச்சு. ஓடிப் போய், ஆட்டோவுல ஏறப் போனவ கையைப் புடிச்சுக்கிட்டேன். "ஜெயக்கொடி, நீ தெய்வம் கண்ணு. என்னையக் காப்பாத்திட்ட"ன்னேன்.

கையை உருவிக்கல. அப்படியே நின்னா. சுகன்யாவை அந்தப் பக்கம் போயிருக்கச் சொல்லிட்டு எங்கிட்டச் சொன்னா. "உங்களுக்காகச் சொல்லலீங்க. எனக்குக் கீழ பன்னெண்டு பேரு. நான் உங்க பேரைச் சொன்னா அவங்க பன்னெண்டு பேரும் எம்பேரைச் சொல்லோணும். எந்தங்கச்சி எம்பேரை எழுதறதை நான் பாக்கோணும். அதுக்குத்தான்."

புடிச்ச கையை நான்தான் விட்டேன்.

அவதான் திருப்பியும் பேசுனா. "பணத்துக்கு அப்படிச் சொல்லிட்டேன். காலுக்கு யார் பேரை எழுதறதுன்னு அந்தத் தாள்ல கட்டம் இல்ல. இருந்திருந்தா என்ன எழுதியிருப்பேன்னு எனக்கே தெரியல"ன்னா. உங்க, உங்களுக்குன்னு மட்டுந்தான் பேசறா பாருங்க. அதுலயே எனக்குத் தெரிஞ்சு போச்சு. அக்காங்கற சொல்லு ஒரு தடவகூட வரல.

அதோட சரி. மூணு வருசம் ஆச்சு. வேலையை விடல அவ. சமைக்கறது வேற ஆளு, இவ உக்காந்து காய் அரியறா. இப்ப செயற்கைக் கால் வெச்சுட்டாங்க. காலையில எட்டரைக்கு இந்த வழியாத்தான் போவா. ஒரு அடி மெத்துன்னு விழும், ஒரு அடி தட்டுன்னு விழும். அந்தச் சத்தம் அவ வாசல்ல கேட்டதும் நான் மிஷினை மிதிக்க ஆரம்பிச்சுருவேன். துணி இருந்தாலும் இல்லாட்டியும்.

நீங்க எழுதறதை நிறுத்திட்டீங்க. எழுதுங்க, ஒன்னுமில்ல. கண்ணு உறுத்துது, அவ்வளவுதான்.

நான்தான் சொன்னேன் அம்மணி. கூட்டம் முடிஞ்சு ஆஸ்பத்திரிக்குப் போலாம்னு நான்தான் சொன்னேன். அவ அன்னிக்கே போறேன்னுதான் கெளம்பி நின்னா. கையில மஞ்சப்பை, அதுக்குள்ள ஆஸ்பத்திரிச் சீட்டு. நான்தான் இந்த ரூம்ல உக்கார வெச்சு, "நீ இல்லாட்டி எனக்கு வைரம் இல்ல கண்ணு"ன்னேன். அவ கொஞ்ச நேரம் என்னையப் பாத்தா. அப்பறம் பையைக் கீழ வெச்சுட்டா. இதை நான் யாருகிட்டயும் சொன்னதில்ல. எங்கூட்டுக்காரருக்கும் தெரியாது. அந்த போன்ல இதை மட்டும் அழிச்சுர முடியுங்களா? வேண்டாம், இருக்கட்டும். இருந்தா இருந்துட்டுப் போகட்டும்.

சிரிப்புக் கதைதானே எடுக்கறீங்க. என்னைய எப்படி வேணா காட்டுங்க. கண்ணாடி முன்னால கைதட்டறது, மொய் நோட்டைத் தூக்கிக்கிட்டு அலையறது, எழவு ஊட்டுக்குப் பாட்டிலோட போறதுன்னுகூடக் காட்டுங்க. ஆமாங்க, கருமாதி வரைக்கும் நான் ஒன்னும் பொறுத்ததில்ல. நல்லாச் சிரிக்கட்டும் சனங்க. அவளை மட்டும் அப்படிக் காட்டிராதீங்க. அவ மேடையில பேசி முடிச்சதும், நான் கையைப் புடிக்கப் போறப்ப, "வேண்டாங்க்கா, நானே எறங்கிக்கறேன்"னு சொல்லட்டும். சொல்லிட்டு அந்த ஒம்பது படியும் தானா எறங்கி, நேரா நடந்து வெளிய போகட்டும். உங்க கதைதானுங்களே, அப்படி வெச்சுக்கலாமில்லீங்களா?